ஓர் இரவில் வந்த தடையும் ஒருபோதும் வந்து சேராத தடையும்

எங்கள் நாட்டில் சுற்றாடலின் பெயரால் போடப்பட்ட தடைகளில் இரண்டைப் பற்றி இங்கே எழுத விரும்புகிறேன். ஒன்று 2017 செப்டெம்பர் முதலாம் திகதி லன்ச் ஷீட்டுக்கு வந்தது. மற்றது 2021 மே மாதத்தில் இரசாயன உரத்துக்கு வந்தது. உரத் தடையை அரசாங்கம் ஏழு மாதத்துக்குள் வாபஸ் பெற்றது. லன்ச் ஷீட் தடையை யாரும் வாபஸ் பெறவில்லை. அது இன்றும் சட்டம்தான். ஆனால் இந்த இதழைக் கையில் வைத்திருக்கும் தோழியரிடமும் பெற்றோரிடமும் ஒன்று கேட்கிறேன். இத்தனை வருடத்தில் உங்கள் ஊர்க் கடையில் எப்போதாவது "லன்ச் ஷீட் இல்லை, அது தடை" என்ற பதிலைக் கேட்டிருக்கிறீர்களா? நான் கேட்டதில்லை.

இரண்டு தடைகளின் நோக்கமும் நல்லதுதான் என்பது என் கருத்து. அதனால்தான் அவை போன விதம் எனக்குக் கவலை தருகிறது. ஒரு கெட்ட திட்டம் தோற்றால் யாருக்கும் நட்டமில்லை. நல்ல நோக்கமொன்று தோற்கும்போது அடுத்த முறை அதைப் பற்றிப் பேச வாயெடுப்பவரையும் ஊர் நம்பாமல் போகிறது. அதைத்தான் எங்கள் வீட்டில் நான் பார்த்தேன்.

என் மாமாவுக்கு மூன்று ஏக்கர் வயல் உண்டு. அம்பாறை மாவட்டத்தின் கரையோர ஊர்களில் வெள்ளாமைதான் பலருக்கும் சோறும் சம்பளமும். 2021இல் நான் கீழ் வகுப்பில் இருந்தேன். பாடசாலை பூட்டியிருந்த கொரோனாக் காலம். சூம் வகுப்புக்காக மாமா வீட்டுக்குப் போய் அவர்களின் கைத்தொலைபேசியில் இருப்பேன். அதனால் அந்தப் பெரும்போகத்தின் பேச்செல்லாம் என் காதில் விழுந்தது. விதைக்கிற நேரம் யூரியா இல்லை. சேதனப் பசளை வருமென்றார்கள். வந்த பசளைக்குள் கல்லும் மண்ணும் கிடந்ததாக வட்டையில் எல்லோரும் சொல்லித் திரிந்தார்கள். பிறகு இந்தியாவிலிருந்து வந்த நனோ நைட்ரஜன் போத்தலைக் கொடுத்தார்கள். அதைத் தண்ணீரில் கலந்து எந்த நாளில், எந்தப் பருவத்துக்கு அடிப்பது என்று சொல்லித் தர ஆளில்லை. பயிர் மஞ்சளாகிக் கொண்டே போனது. ஏக்கருக்கு 30 மூடைக்குக் குறையாமல் காணும் வயலில் மாமா அந்தப் போகத்தில் கண்டது 14 மூடை. மாமியின் இரண்டு சோடிக் காப்பு வங்கிக்குப் போனது. அதில் ஒரு சோடி இன்னும் திரும்பவில்லை.

இது மாமாவின் கதை மட்டுமாக இருந்தால் இங்கே எழுதியிருக்க மாட்டேன். 2020/21 பெரும்போகத்தில் நாடு முழுவதும் ஏறத்தாழ 30 இலட்சம் மெற்றிக் தொன் நெல் விளைந்தது. அடுத்த பெரும்போகத்தில் அது 20 இலட்சத்துக்கும் கீழே இறங்கியது. விளைச்சல் கெட்ட விவசாயிகளுக்கு நட்டஈடாக 40 பில்லியன் ரூபாய் கொடுப்பதாக 2022 ஜனவரியில் அரசாங்கம் அறிவித்தது. சீனாவிலிருந்து கப்பலில் வந்த சேதனப் பசளையில் தீங்கான பற்றீரியா இருப்பதாகச் சொல்லி அதை இறக்க மறுத்தார்கள். இறக்காத அந்தப் பசளைக்காகவும் பல மில்லியன் டொலர் கட்ட வேண்டியதாயிற்று. டொலர் இல்லை, உரம் வாங்குவதற்கான செலவை மிச்சப்படுத்தலாம் என்பதும் அந்தத் தடைக்குப் பின்னால் இருந்த ஒரு காரணம் என்று பலரும் எழுதியிருக்கிறார்கள். மிச்சம் பிடிக்கப் போய், அரிசியை வெளிநாட்டிலிருந்து வாங்கும் நிலைக்கு வந்தோம்.

இதில் என்னை அதிகம் யோசிக்க வைத்த விடயம் வேறொன்று. 2019 ஜனாதிபதித் தேர்தலில் வெற்றி பெற்றவரின் கொள்கைப் பிரகடனத்தில் சேதன விவசாயத்துக்கு மாறுவது ஏற்கனவே இருந்தது. பத்து வருடத்தில் மாறுவதாகத்தான் அதில் இருந்தது. பத்து வருடம் ஒரு வர்த்தமானியில் ஒரே நாளாகச் சுருங்கியது. 2021 ஜூலையில் வெரிடே ரிசர்ச் நிறுவனம் விவசாயிகளிடம் ஓர் ஆய்வு செய்தது. சேதன விவசாயத்துக்கு மாறும் யோசனையை 64 வீதமானோர் ஆதரித்தார்கள். அப்படி ஆதரித்தவர்களில் ஏறத்தாழ 80 வீதமானோர் மாறுவதற்கு ஒரு வருடத்துக்கு மேல் அவகாசம் வேண்டும் என்றார்கள். விவசாயி மறுக்கவில்லை, நேரம் கேட்டான். "விவசாயிகள் பழக்கத்தை விட மாட்டார்கள், அதனால்தான் கடுமையான சட்டம் வேண்டும்" என்று நகரத்தில் இருப்பவர்கள் சொல்லும்போது இந்த இரண்டு எண்களையும் நான் நினைத்துக் கொள்கிறேன்.

இன்று மாமாவிடம் உரத்தைக் குறைப்பது பற்றிப் பேச முடியாது. "ஓம் மகள், உங்கட படிப்பு ஒருக்கா வந்து போனதுதானே" என்று சிரிப்பார். ஆனால் குறைக்கத்தான் வேண்டும். கற்பிட்டியின் மணல் நிலத்தில் மரக்கறிக்குப் போடும் உரம் கிணற்று நீரில் நைத்திரேற்றாகச் சேர்வதைப் பல ஆய்வுகள் காட்டியிருக்கின்றன. யாழ்ப்பாணத்தில் சுண்ணாம்புக் கல்லுக்குக் கீழே இருக்கும் நிலத்தடி நீருக்கும் அதே கதிதான். எங்கள் பக்கக் கரையோரக் கிணறுகளும் மணலில் தோண்டியவையே. இந்தப் பேச்சை இனி யார் தொடங்கினாலும் 2021 குறுக்கே வந்து நிற்கும். நெல் அடுத்த போகத்தில் மீண்டும் விளைந்துவிடும். போன நம்பிக்கை எத்தனை போகத்தில் விளையும் என்று தெரியவில்லை.

இப்போது லன்ச் ஷீட்டுக்கு வருகிறேன்.

2017 ஏப்ரல் 14ஆம் திகதி, புதுவருட தினத்தன்று, கொழும்பு மீதொட்டமுல்லையில் குப்பை மலை சரிந்து 32 பேர் இறந்தார்கள். நாடே அதிர்ந்தது. அந்த அதிர்ச்சியின் சூட்டில்தான் செப்டெம்பரில் ஒழுங்குவிதிகள் வந்தன. பொலித்தீன் லன்ச் ஷீட், 20 மைக்ரோனும் அதற்குக் குறைந்ததுமான பொலித்தீன், பலசரக்குக் கடைகளில் தரும் மெல்லிய பைகள், ரெஜிபோம் சோற்றுப் பெட்டி எல்லாம் தடை. குப்பையைத் திறந்த வெளியில் எரிப்பதும் தடை. விழாக்களில் பொலித்தீன் அலங்காரமும் தடை. மீறினால் 10,000 ரூபாய் வரை தண்டம், இரண்டு வருடம் வரை சிறை என்று அப்போது பத்திரிகைகள் எழுதின. உண்மையில் 20 மைக்ரோன் விதி 2007ஆம் ஆண்டிலிருந்தே இருந்தது. பத்து வருடம் கழித்து அதையே இன்னொரு முறை போட்டார்கள். 2021இல் சஷே பக்கற் போன்றவற்றுக்கு ஒரு தடை. 2023 ஒக்டோபரில் ஸ்ட்ரோ, பிளாஸ்டிக் கரண்டி, கோப்பை, தட்டு, இடியப்பத் தட்டு, மாலை என்று இன்னொரு தடை. எங்கள் ஊரில் மாலை நேரம் கொத்துக் கடைக்குப் போனால், தட்டின் மேல் லன்ச் ஷீட்டை விரித்து அதன் மேல் கொத்தைப் போட்டுத் தருவார்கள். தட்டைக் கழுவும் வேலை மிச்சம். சட்டம் எத்தனை முறை வந்தாலும் அந்த ஷீட் நகரவில்லை.

ஏன் நகரவில்லை? மக்களுக்கு விழிப்புணர்வு இல்லை என்று எழுதுவது எங்களைப் போன்ற மாணவிகளின் வழக்கம். தமிழ்த் தினப் போட்டிக் கட்டுரைகளில் பாதி அந்த வசனத்தில்தான் முடியும். எனக்கு அதில் உடன்பாடில்லை. பொலித்தீன் உக்காது என்று தெரியாத ஒருவரை இனி நீங்கள் தேடித்தான் பிடிக்க வேண்டும். முதலாம் தரப் பிள்ளைக்கும் அது தெரியும்.

என் கணக்கு வேறு. லன்ச் ஷீட் விற்கும் கடைகள் நாட்டில் ஆயிரக்கணக்கில் இருக்கும். அதைச் செய்யும் தொழிற்சாலைகள் அவ்வளவு இல்லை. அவற்றுக்கு வேண்டிய பிளாஸ்டிக் மூலப்பொருளை இலங்கை உற்பத்தி செய்வதில்லை, எல்லாம் துறைமுகத்தால்தான் வருகிறது. 2021இல் ஒரு மூடை யூரியாகூட உள்ளே வராதபடி அதே துறைமுகத்தில் தடுக்க முடிந்ததே! அப்படியானால் அரசாங்கத்துக்குக் கை இருக்கிறது, பலமும் இருக்கிறது. வயலில் நிற்கும் மாமாவின் மேல் அந்தக் கை ஓர் இரவில் விழுந்தது. லன்ச் ஷீட் உருளை செய்பவரின் மேல் இத்தனை வருடமாக விழவில்லை.

பிளாஸ்டிக் மூலப்பொருளை முழுதாக நிறுத்திவிட முடியாது என்பதை ஒத்துக்கொள்கிறேன். தண்ணீர்க் குழாயும் மருந்துப் போத்தலும் அதிலிருந்துதான் வருகின்றன. ஆனால் யார் எவ்வளவு இறக்குகிறார், அதை என்னவாகச் செய்து விற்கிறார் என்று கணக்குக் கேட்கலாம். மத்திய சுற்றாடல் அதிகார சபை அவ்வப்போது கடைகளையும் உற்பத்தி இடங்களையும் சோதிப்பதாகச் செய்தி வருகிறது. செய்தியில் படமாக வருவது பெரும்பாலும் ஒரு சிறிய கடையும் பயந்து நிற்கும் ஒரு முதலாளியும்தான். ஊற்றுக்கண்ணை விட்டுவிட்டு வாய்க்காலில் மண்வெட்டி பிடிக்கிறோம். வெள்ளாமைக்காரன் யாரும் அப்படித் தண்ணீர் கட்ட மாட்டான்.

இன்னொரு காரணம் பெண் பிள்ளைகளாகிய எங்களுக்கு நன்றாகத் தெரிந்தது. எந்தச் சுற்றாடல் திட்டமும் கடைசியில் உம்மாவின் குசினிக்குள்தான் வந்து சேரும். லன்ச் ஷீட் வேண்டாம் என்றால் சோற்றுப் பெட்டி. வீட்டில் நான்கு பேருக்கு நான்கு பெட்டி. மாலையில் மீன் வாசத்தோடு திரும்பி வரும் அந்தப் பெட்டிகளைக் கழுவுவது யார்? உக்கும் குப்பையையும் உக்காத குப்பையையும் பிரித்து வையுங்கள் என்றால் பிரிப்பது யார்? எங்கள் உம்மம்மா, தன் காலத்தில் இறைச்சியைத் தேக்கம் இலையில் சுற்றித் தந்தார்கள், சோற்றை வாழையிலையில் கட்டினார்கள் என்று சொல்வார். கேட்க நன்றாக இருக்கும். ஆனால் உம்மம்மா அந்தக் காலத்தில் காலை ஏழு மணிக்கு வேலைக்குப் போகவில்லை. இன்று ஆடைத் தொழிற்சாலைக்கும் ஆசிரியத் தொழிலுக்கும் கந்தோருக்கும் போகும் பெண்களிடம் "பழைய முறைக்குத் திரும்புங்கள்" என்று சொல்லும் கொள்கை, அவர்களின் அரை மணித்தியால நித்திரையைக் கேட்கிறது என்பதையாவது அறிந்திருக்க வேண்டும். கேட்கக் கூடாது என்று சொல்லவில்லை. வீட்டில் மற்றவர்களிடமும் சேர்த்துக் கேட்டால் நல்லது. தன் பெட்டியைத் தானே கழுவும் காக்காமார் இந்த ஊரில் எத்தனை பேர் என்று எண்ணிப் பார்த்தால் எங்கள் சுற்றாடல் கொள்கையின் நிலை ஓரளவு விளங்கும்.

எல்லாத் தடையும் தோற்றுத்தான் போகும் என்று நினைத்துவிட வேண்டாம். வென்ற ஒன்றையும் பார்த்திருக்கிறேன். அதற்கு வர்த்தமானி இல்லை.

எங்கள் பக்கத்துப் பள்ளிவாசலில் நோன்புக் கஞ்சி கொடுப்பார்கள். சிறு வயதில் நாங்கள் அஸருக்குப் பிறகு வாளியும் ஜக்கும் கொண்டு வரிசையில் நிற்போம். பிறகு எப்போதோ ஷொப்பிங் பேக்கில் கஞ்சி கட்டிக் கொடுக்கும் வழக்கம் வந்தது. சுடச்சுடக் கஞ்சி மெல்லிய பொலித்தீனுக்குள். நோன்பு முப்பதும் முடிய வடிகானைப் பார்த்தால் அந்தப் பைகள்தான் கிடக்கும். மூன்று வருடங்களுக்கு முன் நிருவாகத்தினர் ஒரு முடிவெடுத்தார்கள். ரமழான் தொடங்க முன் இரண்டு ஜும்ஆக்களில் அறிவித்தார்கள்: இம்முறை பாத்திரம் கொண்டு வருபவருக்கே கஞ்சி. முதல் நான்கு நாளும் வெறுங்கையோடு வந்தவர்களுக்குக் கொடுக்கப் பள்ளிவாசலில் கொஞ்சம் பழைய பாத்திரங்களை வைத்திருந்தார்கள். அடுத்த நாள் அதைக் கொண்டு வந்து தந்தால் சரி. ஐந்தாம் நாளிலிருந்து பை இல்லை. ஊரின் பெரிய முதலாளி வீட்டுப் பையனும் கிண்ணத்தோடுதான் நின்றான். அந்த வருடம் முணுமுணுத்தவர்களை இப்போது கேட்டால் அப்படி ஒரு பை இருந்ததே மறந்துவிட்டது என்பார்கள்.

இது ஒரு சின்ன ஊர், ஒரு மாதக் கஞ்சி, இதை நாட்டோடு ஒப்பிடலாமா என்று கேட்கலாம். அளவில் ஒப்பிட முடியாது. ஆனால் வேலை செய்த விதத்தைப் பாருங்கள். பைக்குப் பதிலான பாத்திரம் ஒவ்வொரு வீட்டிலும் ஏற்கனவே இருந்தது. முன்கூட்டியே சொன்னார்கள். மறந்து வந்தவனுக்கு நான்கு நாள் தவணை இருந்தது. பையை வாங்குபவரும் கொடுப்பவரும் பள்ளிவாசலேயாகையால் ஊற்றிலேயே நின்றது. உரத் தடையில் இவற்றில் ஒன்றும் இருக்கவில்லை. லன்ச் ஷீட் தடையில் அறிவிப்பு இருந்தது, மற்றவை இருக்கவில்லை.

எங்கள் இஸ்லாமிய வரலாற்றுப் பாடத்தில் 'ஹிமா' என்று ஒரு விடயம் வரும். மேய்ச்சல் நிலத்தை அரசு வேலியிட்டதுபோல் ஒதுக்கிப் பாதுகாக்கும் முறை அது. நபி (ஸல்) அவர்களின் காலத்திலேயே அது இருந்தது. கலீபா உமர் (ரலி) அவர்கள் தமது காலத்தில் அப்படியொரு ஹிமாவுக்குப் பொறுப்பாக ஒருவரை நியமித்தபோது சொன்ன அறிவுரை புஹாரியில் பதிவாகியிருக்கிறது. அதன் கருத்து இதுதான்: கொஞ்ச ஒட்டகமும் கொஞ்ச ஆடும் வைத்திருப்பவனை உள்ளே விடு. அப்துர் ரஹ்மான் இப்னு அவ்ப், உஸ்மான் இப்னு அப்பான் போன்ற செல்வந்தர்களின் மந்தைகளை விடாதே. அவர்களின் கால்நடைகள் செத்தாலும் அவர்களுக்குப் பேரீச்சந் தோட்டமும் விளைநிலமும் இருக்கின்றன. ஏழையின் ஆடு செத்தால் அவன் பிள்ளைகளோடு என்னிடம்தான் வந்து நிற்பான். இந்தச் செய்தியை ஆசிரியை வகுப்பில் சொன்ன அன்று நான் நினைத்தது மாமியின் காப்பைத்தான். நிலத்தைக் காக்கும் சட்டம் போட்டவர், அந்தச் சட்டத்தால் முதலில் யாருடைய வீட்டில் அடுப்பு அணையும் என்றும் யோசித்திருக்கிறார். எங்கள் நாட்டில் உரத் தடைக்கு முன் யாராவது அந்தக் கேள்வியைக் கேட்டிருந்தால், விதைப்புக்கு முன்னரே நட்டஈட்டைப் பற்றிப் பேசியிருப்பார்கள்.

தடைக்குப் பிறகும் குப்பை இருக்கும். அது எங்கே போகிறது என்பதையும் பார்க்க வேண்டும்.

எங்கள் வீட்டில் உம்மா இரண்டு வாளி வைத்திருக்கிறார். ஒன்று உக்கும் குப்பைக்கு, ஒன்று உக்காததற்கு. அப்படிச் செய்யும்படி எங்களுக்கு ஒரு துண்டுப் பிரசுரம் வந்தது. சில மாதம் கழித்து ஒரு காலை நான் வாசலில் நின்று பார்த்தேன். குப்பை ஏற்ற வந்த உழவு இயந்திரத்தின் ஒரே பெட்டிக்குள் இரண்டு வாளியும் கவிழ்ந்தன. ஏற்றிய நானாவிடம் கேட்டதற்கு, "எங்களுக்குத் தந்தது ஒரு பெட்டிதானே தங்கச்சி, நாங்க என்ன செய்ய" என்றார். அவர் சொன்னதில் பிழையில்லை. உம்மா இன்னும் பிரிக்கிறார், ஆனால் முன்னைய அக்கறையோடு இல்லை. பக்கத்து வீடுகள் நிறுத்திவிட்டன.

அந்தப் பெட்டி போய்ச் சேரும் இடத்தை உலகமே ஒரு முறை பார்த்தது. ஒலுவில் பக்கம் பள்ளக்காட்டுக் குப்பை மேட்டில் யானைகள் பொலித்தீனோடு சேர்த்துச் சாப்பாட்டுக் கழிவைத் தின்னும் படங்கள் 2022 ஜனவரியில் வெளிநாட்டுப் பத்திரிகைகளிலும் வந்தன. எட்டு வருடத்தில் சுமார் 20 யானைகள் அங்கே பிளாஸ்டிக் குப்பையைத் தின்று இறந்ததாக அந்தச் செய்திகள் சொல்லின. சுற்றியுள்ள ஒன்பது பகுதிகளின் குப்பை அங்கே கொட்டப்படுகிறது. 2008இல் ஐரோப்பிய ஒன்றியத்தின் உதவியோடு தொடங்கிய இடம் அது. மீள்சுழற்சி நடக்கவில்லை. யானைகள் வராமலிருக்கப் போட்ட மின்வேலி 2014இல் மின்னல் தாக்கிப் பழுதாகியதாகவும் அதைத் திருத்தவில்லை என்றும் வாசித்தேன். வனவிலங்கு வாழும் பகுதிகளை ஒட்டிய குப்பை மேடுகளில் மீள்சுழற்சி செய்வோம், மின்வேலி போடுவோம் என்று அரசாங்கம் 2017இலேயே அறிவித்தது. லன்ச் ஷீட்டைத் தடை செய்த அதே வருடம். இரண்டு வாக்குறுதியும் ஒன்றாகப் பிறந்து ஒன்றாகவே நோயில் கிடக்கின்றன.

யானையின் வயிற்றில் கண்டெடுத்த பொருட்களில் சோற்றுப் பார்சல் சுற்றும் பொலித்தீனும் இருந்ததாகப் படித்தபோது எனக்கு அருவருப்பாக இருந்தது. உப்பும் உறைப்பும் ஒட்டிய ஷீட் யானைக்கு உணவாக மணக்கிறது. அது எங்கள் ஊர்ச் சோறாகவும் இருந்திருக்கலாம். வயிறு அடைபட்ட யானை பசியோடுதான் செத்துப் போகிறதாம்.

இதற்கெல்லாம் பணம் வேண்டும், பிரதேச சபைகளிடம் பணமில்லை என்று பெரியவர்கள் சொல்வார்கள். இருக்கலாம். 2023 மார்ச்சில் பெரும்பாலான உள்ளூராட்சி மன்றங்களின் காலம் முடிந்து, 2025 மே மாதத் தேர்தல் வரை மக்கள் தெரிவு செய்த உறுப்பினரே இல்லாமல் அவை இயங்கின. அந்த இரண்டு வருடமும் குப்பையைப் பற்றி யாரிடம் போய்க் கேட்பது என்றுகூடத் தெரியாமல் இருந்தோம். 2025 நவம்பர் முதல் கைபிடியுள்ள பொலித்தீன் பைக்குக் கடைகள் பணம் அறவிட வேண்டும் என்று விதி வந்திருக்கிறது. சுப்பர் மார்க்கெட்டில் அது பில்லில் தனியாக விழுகிறது. வாப்பா இரண்டாம் முறை போகும்போதே வீட்டிலிருந்து பை கொண்டு போனார். எனக்கு இந்த வழி பிடித்திருக்கிறது. யாரையும் சிறைக்கு அனுப்பாமல், யோசிக்க இடம் வைத்து, மெதுவாகப் பழக்கத்தை மாற்றுகிறது. அந்தப் பணத்தில் ஒரு பங்காவது குப்பை அள்ளும் மன்றங்களுக்குப் போகும்படி செய்தால் இரண்டாவது பெட்டி வாங்கலாம்.

உயர்தரத்துக்கு அரசறிவியல் படிப்பவர்கள் அரசியலமைப்பின் 27ஆம் உறுப்புரையை மனனம் செய்திருப்பீர்கள். சுற்றாடலைப் பேணிப் பாதுகாத்து மேம்படுத்துவது அரசின் கடமை என்று அதில் உண்டு. இயற்கையைப் பாதுகாப்பது ஒவ்வொருவரின் கடமை என்று 28 சொல்கிறது. அதற்கடுத்த 29, இவற்றை வைத்து நீதிமன்றத்தில் வழக்குப் போட முடியாது என்கிறது. முதல் முறை வாசித்தபோது, பிறகு எதற்காக எழுதினார்கள் என்று தோன்றியது. அதற்குப் பிறகுதான் எப்பாவல வழக்கைப் பற்றி அறிந்தேன். அங்குள்ள பொஸ்பேற்றுப் படிவை வெளிநாட்டுக் கம்பனியொன்றோடு சேர்ந்து அகழும் திட்டத்துக்கு எதிராக அந்த ஊர் விவசாயிகள் சிலர் உயர் நீதிமன்றம் போனார்கள். 2000ஆம் ஆண்டு அவர்கள் வென்றார்கள். சமத்துவம், தொழில் செய்யும் சுதந்திரம் போன்ற அடிப்படை உரிமைகளைக் கொண்டே வென்றார்கள். முறையான ஆய்வும் சுற்றாடல் தாக்க மதிப்பீடும் இல்லாமல் அப்படியொரு ஒப்பந்தத்தைச் செய்ய முடியாது என்றது நீதிமன்றம். அரசாங்கம் இயற்கை வளங்களுக்குச் சொந்தக்காரர் போல நடக்க முடியாது, பொறுப்பாளராகவே நடக்க வேண்டும் என்ற கருத்தும் அந்தத் தீர்ப்பில் இருக்கிறது. பொறுப்பாளர் என்ற சொல் எங்களுக்குப் புதிதல்ல. அமானிதம் என்று சின்ன வயதிலிருந்தே கேட்டு வளர்ந்த சொல்தான் அது.

அந்த விவசாயிகளை நினைத்தால் மாமாவிடம் இந்தப் பேச்சை மீண்டும் தொடங்கலாம் என்று எனக்குத் தோன்றுகிறது. போன போகத்தில் மாமா வைக்கோலை எரிக்கவில்லை. முக்கால் ஏக்கரில் அதை மண்ணோடு உழுது விட்டு, மண்ணைப் பரிசோதிக்கக் கொடுத்து, அவர்கள் சொன்ன அளவுக்கு யூரியாவைக் குறைத்திருக்கிறார். உர விலைக்குப் பயந்துதான் செய்தேன், உங்கட சுற்றாடலுக்காக இல்லை என்று என்னைப் பார்த்துச் சொன்னார். காரணம் எதுவானாலும் பரவாயில்லை. விளைச்சல் மற்ற வயலை விட ஒரு மூடைதான் குறைந்ததாம். உரச் செலவைக் கழித்துப் பார்த்தால் அந்த முக்கால் ஏக்கரில்தான் கையில் கூடுதலாக மிஞ்சியிருக்கிறது. இந்த முறை ஒன்றரை ஏக்கருக்குச் செய்யப் போகிறார். 2021இல் இதைச் சொல்லித் தர ஊருக்கு ஓர் உத்தியோகத்தரை அனுப்பியிருந்தால் பத்து வருடத் திட்டத்தில் பாதி இப்போது முடிந்திருக்கும்.

அடுத்த வருடம் எனக்குப் பதினெட்டு வயதாகிறது. வாக்காளர் இடாப்பில் என் பெயரும் வரும். எங்கள் வட்டாரத்துக்கு வாக்குக் கேட்டு வருபவரிடம் வாப்பா வடிகான் மூடியைப் பற்றிக் கேட்பார், காக்கா விளையாட்டு மைதானத்துக்கு வெளிச்சம் கேட்பார். நான் கேட்க மூன்று கேள்விகளை எழுதி வைத்திருக்கிறேன். உழவு இயந்திரத்துக்கு இரண்டாவது பெட்டி எப்போது வரும்? பள்ளக்காட்டு மின்வேலியைத் திருத்துவதற்கு மற்ற மன்றங்களோடு பேசினீர்களா, பேசியிருந்தால் எந்தத் திகதியில்? லன்ச் ஷீட் உருளை எங்கள் ஊருக்கு எந்த லொறியில் வருகிறது?